ஒரு வரி, ஒரு வேலை, ஒரு பொறுப்பாளர்

மேலாண்மை என்பது பலர் கூடிச் செய்ய வேண்டிய ஒரு வேலையை, கைவசம் உள்ள ஆட்களையும் பணத்தையும் கொண்டு, குறித்த நாளுக்குள் முடித்துவைக்கும் கலை. அந்தக் கலையில் நாள்தோறும் புழங்கும் கருவி பட்டியல். கூட்டத்தின் நிகழ்ச்சி நிரல், வாங்க வேண்டிய சரக்குக் குறிப்பு, ஷிஃப்ட் அட்டவணை, கூட்டத்தில் எடுத்த முடிவுகள், இயந்திரத்தை இயக்கும் முறை என்று பெயர் மாறினாலும் எல்லாம் பட்டியல்தான். அதைத் தெளிவாக எழுதுவது எழுத்து நடையைச் சேர்ந்த சின்ன நுணுக்கம் என்றே பலரும் எண்ணுகிறார்கள். ஆனால் பட்டியலின் வரிகள் குழம்பிக் கிடந்தால், அதற்குப் பின்னால் இருக்கும் திட்டமும் பெரும்பாலும் குழம்பியே கிடக்கும். யார் செய்வது, எது முதலில், எப்போது முடிந்ததாகக் கொள்வது என்ற கேள்விகளுக்கு விடை தெரியாதவரால் நல்ல பட்டியல் எழுத முடியாது.

மேலாண்மையைத் தனிப் பாடமாக வகுத்தவர்களில் முன்னவர் பிரான்ஸைச் சேர்ந்த ஆன்ரி ஃபயோல். சுரங்கப் பொறியாளராக வேலையில் சேர்ந்த அவர், 1888இல் தலைமைப் பொறுப்பேற்று, நொடித்துப்போகும் நிலையில் இருந்த சுரங்க, இரும்பு நிறுவனம் ஒன்றைத் தூக்கி நிறுத்தினார். அந்த அனுபவத்தில் கண்டதை 1916இல் வெளியிட்டார். திட்டமிடல், ஒழுங்கமைத்தல், ஆணையிடல், ஒருங்கிணைத்தல், கட்டுப்படுத்தல் ஆகிய ஐந்தும் நிர்வாகியின் வேலைகள் என்றார். 1937இல் அமெரிக்காவின் லூதர் குலிக் இதை ஏழாக மாற்றியமைத்து, ஆள் சேர்த்தல், அறிக்கை தருதல், வரவு செலவு வகுத்தல் ஆகியவற்றையும் கணக்கில் கொண்டுவந்தார். இன்றைய பாடநூல்கள் எண்ணிக்கையில் வேறுபட்டாலும் அடித்தளம் இவர்கள் போட்டதுதான்.

ஃபயோல் பதினான்கு கொள்கைகளையும் சொன்னார். பட்டியல் எழுதுபவருக்கு அவற்றில் மூன்று மிக முக்கியம். வேலையைப் பகிர்ந்து கொடுக்க வேண்டும். ஒரு பணியாளருக்கு ஆணையிடுபவர் ஒருவராகவே இருக்க வேண்டும். ஒருவரிடம் பொறுப்பை ஒப்படைத்தால் அதை நிறைவேற்றத் தேவையான அதிகாரத்தையும் சேர்த்தே கொடுக்க வேண்டும். கடைசியாகச் சொன்னது பட்டியலின் எந்த வரியிலும் கண்ணுக்குத் தெரியாது. ஆனால் பட்டியல் பலிப்பதும் பொய்ப்பதும் அதைப் பொறுத்தே அமைகிறது.

ஒரு பள்ளியின் ஆண்டு விழாவுக்கு இப்படி ஒரு குறிப்பு சுற்றுக்கு வருவதாக வைத்துக்கொள்ளலாம்: “பந்தல், மைக் செட், சிறப்பு விருந்தினர், தண்ணீர், பரிசுகள், போலீஸ் அனுமதி, குத்துவிளக்கு, நன்றியுரை – அனைவரும் கவனிக்கவும்.” எழுதியவருக்கு இது முழுமையாகத் தெரியும், ஏனென்றால் மீதி அவர் மனதில் இருக்கிறது. படிப்பவருக்கு ஒவ்வொரு சொல்லும் ஒரு கேள்வி. பந்தல்காரரிடம் பேச வேண்டுமா, முன்பணம் கொடுக்க வேண்டுமா, பந்தல் போட்டாயிற்றா என்று பார்க்க வேண்டுமா? சிறப்பு விருந்தினரை அழைப்பதா, ரயில் நிலையத்திலிருந்து அழைத்து வருவதா? எல்லாவற்றுக்கும் முன்னால் வாங்க வேண்டிய போலீஸ் அனுமதி ஆறாவது இடத்தில் ஒளிந்துகொண்டிருக்கிறது. “அனைவரும் கவனிக்கவும்” என்பதுதான் பெரிய ஆபத்து. எல்லோருடைய பொறுப்பாகவும் விடப்பட்ட வேலையை ஒவ்வொருவரும் அடுத்தவர் பார்த்துக்கொள்வார் என்று விட்டுவிடுவார்கள்.

இன்னும் ஊன்றிப் பார்த்தால் அந்த ஒற்றை வரியில் மூன்று வேறு பட்டியல்கள் கலந்திருப்பது தெரியும். குத்துவிளக்கு ஒரு பொருள். அது எண்ணெய், திரி, தீப்பெட்டி, மெழுகுவத்தி ஆகியவற்றோடு மேடைக்கான பொருள் பட்டியலில் இருக்க வேண்டும். நன்றியுரை விழாவின் நிகழ்ச்சி நிரலுக்கு உரியது. மிச்சம் இருப்பவைதான் முன்கூட்டிச் செய்ய வேண்டிய வேலைகள். அவற்றில் சிலவற்றைப் பிரித்து எழுதினால் இப்படி அமையும்:

விழாவுக்கு முன் முடிக்க வேண்டிய வேலைகள்:

1. மைக் வைப்பதற்குக் காவல் நிலையத்தில் அனுமதி வாங்கவும் – அலுவலக உதவியாளர் – 3ஆம் தேதி
2. பந்தல்காரருக்கு முன்பணம் கொடுக்கவும் – கணக்கர் – 5ஆம் தேதி
3. சிறப்பு விருந்தினர் வரும் ரயிலின் நேரத்தைக் கேட்டு எழுதவும் – தமிழாசிரியர் – 8ஆம் தேதி
4. ரயில் நிலையத்துக்கு வண்டி சொல்லவும் – தமிழாசிரியர் – 9ஆம் தேதி
5. பரிசுகளில் பெயர்ச் சீட்டு ஒட்டவும் – உடற்கல்வி ஆசிரியர் – 10ஆம் தேதி மாலை 4 மணி

மூன்றாவதும் நான்காவதும் ஒருவரே செய்யும் வேலைகள்தான். ஆனாலும் அவை தனித்தனி வரிகளாக இருப்பதற்குக் காரணம் உண்டு. இரண்டையும் ஒரே வரியில் எழுதினால், நேரத்தைக் கேட்டுவிட்டு வண்டி சொல்லாமல் விட்டவர் அந்த வரிக்கு எதிரே டிக் போடுவதா வேண்டாமா என்று தடுமாறுவார். பாதி முடிந்த வேலைக்குப் போடும் டிக் பட்டியலின் மேல் உள்ள நம்பிக்கையையே கெடுத்துவிடும். ஒரு வரிக்கு “ஆயிற்று”, “ஆகவில்லை” என்ற இரண்டில் ஒன்றுதான் விடையாக இருக்க முடியும் என்றால், அந்த வரி சரியாக எழுதப்பட்டிருக்கிறது என்று கொள்ளலாம்.

மேலே உள்ள வரிகள் எல்லாம் ‘வாங்கவும்’, ‘கொடுக்கவும்’, ‘ஒட்டவும்’ என்று ஒரே வாய்பாட்டில் முடிகின்றன. அறிவிப்புப் பலகைகளில் அடிக்கடி காணும் குறை, ஒரு வரி ‘பூட்டுதல்’ என்றும், அடுத்தது ‘அணைக்கவும்’ என்றும், மூன்றாவது வெறும் ‘தண்ணீர்த் தொட்டி’ என்றும் நிற்பது. படிப்பவர் ஒவ்வொரு வரியிலும் அது கட்டளையா, தலைப்பா, நினைவூட்டலா என்று புதிதாக யோசிக்க வேண்டியிருக்கிறது. எந்த வடிவத்தைத் தேர்ந்தெடுத்தாலும் கடைசி வரை அதையே பிடித்துக்கொள்வதுதான் தேவை.

தமிழுக்கென்று சில கவனங்கள் உண்டு. தமிழில் வினைமுற்று வாக்கியத்தின் கடைசியில் வருகிறது. அதனால் வரி நீண்டால், என்ன செய்ய வேண்டும் என்பது மிகத் தாமதமாகவே தெரியவரும். வரியின் முதல் சொல்தான் கண்ணில் படும் என்பதால், அது அந்த வரியை மற்றவற்றிலிருந்து பிரித்துக் காட்டுவதாக அமைய வேண்டும். “தயவுசெய்து”, “மேற்கண்ட பணியில் ஈடுபடுவோர்” என்று பத்து வரிகளும் ஒரே மாதிரி தொடங்கினால் தேடுபவருக்கு எதுவும் கிடைக்காது. முன்னுரை வாக்கியத்தை அரைகுறையாக நிறுத்தி, ஒவ்வொரு வரியும் அதை நிறைவு செய்யும்படி அமைக்கும் வழக்கமும் தமிழுக்கு ஒத்துவருவதில்லை. “விண்ணப்பதாரர் கீழ்க்கண்டவற்றை:” என்று நிறுத்திவிட்டால் வாக்கியத்தின் வினை எங்கோ தொங்கிக்கொண்டு நிற்கும். “விண்ணப்பதாரர் கீழ்க்கண்ட சான்றுகளைக் கொண்டுவர வேண்டும்:” என்று முடித்துவிட்டால் அதன் கீழ் சான்றுகளின் பெயர்களை மட்டும் அடுக்கினால் போதும்.

எல்லாப் பட்டியலையும் வரி வரியாக உடைக்கவும் வேண்டியதில்லை. மூன்று நான்கு சிறு சொற்கள் என்றால் வாக்கியத்துக்குள்ளேயே அவை அழகாக அடங்கும். அதற்குத் தமிழில் இரண்டு வழிகள் உண்டு. “ஆசிரியர்களும் மாணவர்களும் பெற்றோரும்” என்று எல்லாப் பெயர்களிலும் ‘உம்’ சேர்க்கலாம். அல்லது “ஆசிரியர்கள், மாணவர்கள், பெற்றோர் ஆகியோர்” என்று காற்புள்ளியிட்டுத் தொகுக்கலாம். இரண்டையும் கலந்து, ஒன்றில் ‘உம்’ போட்டு மற்றதில் விடும்போதுதான் பொருள் தடுமாறுகிறது.

எண்ணிட வேண்டிய இடத்தை அறிவதும் அவசியம். வரிசை மாறினால் வேலை கெடும் என்றாலோ, “நான்காவது வரியைப் பாருங்கள்” என்று பின்னால் சுட்ட வேண்டியிருந்தாலோ எண் வேண்டும். வரிசைக்குப் பொருள் இல்லாத இடத்தில் புள்ளியோ சிறு கோடோ போதும். காரணமின்றி எண்ணிட்டால், முதலில் இருப்பதுதான் முக்கியமானது என்று படிப்பவர் எடுத்துக்கொள்வார். உட்பிரிவுகள் ஓரடுக்குக்கு மேல் போகாமல் இருப்பது நல்லது. அதற்கு மேல் போனால் அது தனிப் பட்டியலாக வேண்டிய செய்தி.

நீளத்துக்கும் அளவு உண்டு. ஒரே மூச்சில் மனம் ஏந்தக்கூடியவை ஏழு, அதிலிருந்து இரண்டு கூடலாம், இரண்டு குறையலாம் என்று உளவியலாளர் ஜார்ஜ் மில்லர் 1956இல் எழுதிய கட்டுரை புகழ்பெற்றது. பிற்கால ஆய்வாளர்கள் அதை நான்கு என்றுகூடக் குறைத்தார்கள். விமானத் துறையில் பட்டியல் தயாரிப்பவர்களும் ஒரு கட்டத்துக்கு ஐந்து முதல் ஒன்பது வரிகள் என்பதைப் பொது அளவாகக் கொள்கிறார்கள். முப்பது வரிகள் தேவைப்பட்டால், வேலை இயல்பாக நிற்கும் இடங்களைப் பார்த்து அதை நான்கைந்து துண்டுகளாக்க வேண்டும்.

பட்டியலைக் கொண்டு நிர்வாகத்தை நடத்துவது நவீன காலத்தின் கண்டுபிடிப்பு அன்று. காஞ்சிபுரம் மாவட்டத்து உத்திரமேரூரில், முதலாம் பராந்தக சோழன் காலத்தில், 919, 921 ஆகிய ஆண்டுகளில் வெட்டப்பட்ட கல்வெட்டுகள் ஊர்ச் சபையின் வாரியங்களுக்கு உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் விதிகளை வரிசையாகச் சொல்கின்றன. ஊர் முப்பது குடும்புகளாக, அதாவது வட்டங்களாக, பிரிக்கப்பட்டது. கால் வேலிக்கு மேல் வரி கட்டும் நிலம், சொந்த மனையில் கட்டிய வீடு, வயது 35க்கு மேல் 70க்குள் என்று தகுதிகள் அடுக்கப்பட்டன. வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவரும் அவருடைய உறவினரும் தகுதியற்றவர்கள் என்று விலக்குகளும் அடுக்கப்பட்டன. ஓலையில் பெயர் எழுதிக் குடத்திலிட்டு, ஒரு சிறுவனைக் கொண்டு எடுக்கச் செய்தார்கள். பதவிக்காலம் 360 நாள். அது பிராமணர்களின் சபை. மற்றவர்களுக்கு அதில் இடமில்லை. அந்தக் குறையை மறைக்காமல் சொல்லியே, நிர்வாகக் கோணத்தில் அதன் தெளிவை மெச்ச வேண்டும். தகுதி, விலக்கு, தேர்வு முறை, காலக்கெடு, கணக்குத் தணிக்கை என்று எதையும் ஊகத்துக்கு விடாமல் கல்லில் எழுதிவைத்திருக்கிறார்கள்.

தொழிற்சாலைக் காலத்தில் பட்டியல் வேறு உருவம் எடுத்தது. அமெரிக்கப் பொறியாளர் ஃபிரடெரிக் டெய்லர், வேலையை எப்படிச் செய்வது, எவ்வளவு நேரத்தில் செய்வது என்பதைத் திட்டப் பிரிவு எழுதித் தொழிலாளியின் கையில் கொடுக்கும் அட்டை முறையைப் பரப்பினார். 1911இல் வந்த அவருடைய நூல் உலகெங்கும் படிக்கப்பட்டது. உற்பத்தி பெருகியது. ஆனால் வேலை தெரிந்தவரைக் கேட்காமல் மேலிருந்து இறங்கும் பட்டியல்மீது தொழிலாளர்களுக்கு அப்போதே வெறுப்பு இருந்தது, அது நியாயமான வெறுப்பும்கூட.

அதற்கு நேர் எதிராக, வேலை செய்பவர்களே தங்களுக்காக எழுதிக்கொண்ட பட்டியல் விமானத்தில் பிறந்தது. 1935 அக்டோபர் 30 அன்று அமெரிக்காவின் ஓஹையோ மாநிலத்து ரைட் ஃபீல்டில், போயிங் நிறுவனத்தின் 299 என்ற நான்கு எஞ்சின் விமானம் ராணுவத்துக்கான சோதனையில் பறந்தது. செங்குத்தாக ஏறி, வேகம் இழந்து விழுந்து எரிந்தது. விமானி மேஜர் பிளாயர் ஹில்லும், போயிங்கின் விமானி லெஸ் டவரும் இறந்தார்கள். இயந்திரத்தில் கோளாறு எதுவும் இல்லை. விமானம் தரையில் நிற்கும்போது காற்றில் ஆடாமலிருக்க வால்பகுதியின் அசையும் பலகைகளைப் பூட்டிவைப்பார்கள். புறப்படுமுன் அந்தப் பூட்டை விடுவிக்க மறந்துவிட்டார்கள். ஹில் தேர்ந்த விமானி, எனவே கூடுதல் பயிற்சி இதற்குத் தீர்வாகாது. புதிய விமானத்தில் கவனிக்க வேண்டியவை ஒரு மனிதரின் நினைவுக்கு மிஞ்சிப் போயிருந்தன. ராணுவம் சோதனைக்காக வாங்கிய சில விமானங்களை ஓட்டியவர்கள், புறப்படுமுன், பறக்கும்போது, இறங்குமுன், இறங்கிய பின் என்று நான்கு கட்டங்களுக்குச் சிறு சரிபார்ப்புப் பட்டியல்களைத் தயாரித்தார்கள். பி-17 என்ற பெயரில் அந்த விமானம் பிறகு 12,000க்கும் மேல் தயாரிக்கப்பட்டு இரண்டாம் உலகப் போரில் பறந்தது.

விமானிகளின் அனுபவத்திலிருந்து பட்டியலைப் பயன்படுத்த இரண்டு முறைகள் வகுக்கப்பட்டன. தேர்ந்தவர்கள் வேலையைத் தங்கள் நினைவிலிருந்தே செய்துவிட்டு, ஓரிடத்தில் நின்று, விட்டுப்போனது உண்டா என்று பட்டியலைப் பார்ப்பது ஒன்று. ஒவ்வொரு வரியாகப் படித்துப் படித்துச் செய்வது மற்றொன்று. அன்றாட வேலைக்கு முதல் முறை. எஞ்சினில் தீப்பிடித்தது போன்ற அரிய நெருக்கடிக்கு இரண்டாவது. எந்த முறைக்கென்று தெரியாமல் எழுதினால், தேர்ந்தவருக்கு அது எரிச்சலூட்டும், புதியவருக்குப் பற்றாமல் போகும்.

மருத்துவத்தில் இந்தக் கருவி வந்த கதைதான் மேலாண்மைக்கு அதிகம் கற்றுத் தருவது. பால்டிமோர் நகரின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையில் தீவிர சிகிச்சை மருத்துவர் பீட்டர் புரோனோவோஸ்ட், பெரிய ரத்தக் குழாயில் செருகும் குழாயால் வரும் கிருமித்தொற்றைத் தடுக்க ஐந்தே செயல்களைப் பட்டியலிட்டார். கையைக் கழுவுவது, நோயாளியை முழுவதும் மூடித் தூய உடையணிந்து வேலை செய்வது, குளோர்ஹெக்ஸிடின் என்ற கிருமிநாசினியால் தோலைச் சுத்தம் செய்வது, முடிந்தவரை தொடைப் பகுதியைத் தவிர்ப்பது, தேவையற்ற குழாயை உடனே எடுத்துவிடுவது. இவற்றில் எந்த மருத்துவருக்கும் தெரியாதது ஒன்றுமில்லை. புதுமை வேறொரு இடத்தில் இருந்தது. ஒரு வரி விடுபட்டால் மருத்துவரைத் தடுத்து நிறுத்தும் அதிகாரம் செவிலியருக்குக் கொடுக்கப்பட்டது, நிர்வாகமும் செவிலியர் பக்கம் நின்றது. மிச்சிகன் மாநிலத்தின் தீவிர சிகிச்சைப் பிரிவுகளில் இந்த முறை பரவியபோது, ஆயிரம் குழாய் நாள்களுக்கு (ஒரு நோயாளிக்குக் குழாய் இருக்கும் ஒவ்வொரு நாளும் ஒரு குழாய் நாள்) 2.7 என்றிருந்த தொற்றின் இடைநிலை அளவு மூன்று மாதங்களில் பூஜ்யத்துக்கு இறங்கியதாக 2006இல் வெளியான ஆய்வு காட்டியது. பொறுப்புக்கு நிகரான அதிகாரம் என்று ஃபயோல் சொன்னது ஒரு தாளின் வழியாக நடைமுறைக்கு வந்தது இப்படித்தான்.

உலக சுகாதார நிறுவனம் 2008இல் அறுவை சிகிச்சைக்கான 19 வரிப் பட்டியலை வெளியிட்டது. மயக்க மருந்து கொடுக்குமுன், கத்தி வைக்குமுன், நோயாளி அரங்கை விட்டுப் போகுமுன் என்று மூன்று நிறுத்தங்கள். நோயாளி யார், எந்தப் பக்கம் அறுவை, ஒவ்வாமை உண்டா, ஆன்டிபயாட்டிக் கடந்த 60 நிமிடத்துக்குள் கொடுக்கப்பட்டதா, கருவிகளும் ஊசிகளும் பஞ்சுகளும் எண்ணப்பட்டனவா என்று அதில் கேட்கப்படுகிறது. அறுவை அரங்கில் இருப்பவர்கள் அனைவரும் தங்கள் பெயரையும் பொறுப்பையும் வாய்விட்டுச் சொல்ல வேண்டும் என்றும் ஒரு வரி உண்டு. சம்பிரதாயம்போலத் தோன்றும் அந்த வரி, ஒருமுறை பேசிவிட்டவர் ஆபத்தைக் கண்டால் மறுபடி பேசத் தயங்கமாட்டார் என்ற எண்ணத்தில் சேர்க்கப்பட்டது. புது டெல்லி உட்பட எட்டு நகரங்களில் நடந்த ஆய்வின் முடிவு 2009இல் வந்தது. இறப்பு 1.5 சதவீதத்திலிருந்து 0.8 ஆகவும், சிக்கல்கள் 11 சதவீதத்திலிருந்து 7 ஆகவும் குறைந்திருந்தன.

ஆனால் அதே பட்டியலைக் கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில் 101 மருத்துவமனைகள் நடைமுறைப்படுத்தியபோது இறப்பில் குறிப்பிடத்தக்க மாற்றம் இல்லை என்று 2014இல் மற்றோர் ஆய்வு சொன்னது. அங்கே இறப்பு ஏற்கெனவே குறைவு. உத்தரவுக்காகத் தாளை நிரப்பும் இடங்களில் உண்மையான நிறுத்தம் நடப்பதில்லை என்ற விமர்சனமும் எழுந்தது. உத்தரப் பிரதேசத்தில் 120 சுகாதார நிலையங்களில் பிரசவத்துக்கான பட்டியலைப் பயிற்சியாளர்களின் துணையோடு சோதித்த ஆய்வு 2017இல் வெளிவந்தது. இரண்டாவது மாதத்தில், பட்டியல் தரப்பட்ட நிலையங்களில் இன்றியமையாத செயல்களில் சுமார் 73 சதவீதம் நடந்தன. மற்ற நிலையங்களில் 42. பயிற்சியாளர்கள் விலகிய பின், பன்னிரண்டாவது மாதத்தில், 73 என்பது 62 ஆக இறங்கியது. தாய், சேய் இறப்பில் வேறுபாடு தெரியவில்லை. பட்டியலால் மனிதர்களின் செயலை மாற்ற முடிந்தது. மருந்தும் ரத்தமும் மேல்சிகிச்சைக்கான வழியும் பற்றாமல் இருந்தால் அவற்றைத் தாளில் உள்ள வரிகளால் வரவழைக்க முடியாது. திட்டமிடலும் கட்டுப்படுத்தலும் பட்டியலுக்குள் அடங்கும், ஆளும் பொருளும் சேர்க்கும் வேலை அதற்கு வெளியே நடக்க வேண்டும்.

எழுதி முடித்த பட்டியலை உடனே சுற்றுக்கு விடுவது தவறு. வேலையைச் செய்யப்போகிறவர் ஒருவரை அதை வைத்துக்கொண்டு ஒருமுறை செய்யச் சொல்லி, அவர் எந்த வரியில் நிற்கிறார், எதை இரண்டாவது முறை படிக்கிறார் என்று பக்கத்தில் இருந்து பார்க்க வேண்டும். தடுமாறும் வரிகளில்தான் திருத்தம் தேவைப்படும். பயன்பாட்டுக்கு வந்த பிறகும் ஒவ்வொரு விபத்தும் ஒவ்வொரு புகாரும் ஒரு புதிய வரியைச் சேர்க்கச் சொல்லும். சேர்ப்பது எளிது, நீக்குவதற்குத்தான் யாருக்கும் துணிவு வருவதில்லை. அதனால் பட்டியலை மாற்றும் உரிமை யாருக்கு என்பதை முதலிலேயே தீர்மானித்து, குறிப்பிட்ட இடைவெளியில் ஒவ்வொரு வரியையும் அது இன்னும் தேவைதானா என்று கேட்டுப் பார்க்க வேண்டும். தாளின் அடியில் பதிப்பு எண்ணும் திருத்திய தேதியும் அதற்கான பொறுப்பாளரின் பதவிப் பெயரும் இருக்க வேண்டும். புதிய பிரதி வந்த அன்றே சுவரிலும் மேசைக் கண்ணாடிக்கு அடியிலும் வாட்ஸ்அப் குழுவிலும் கிடக்கும் பழைய பிரதிகளை எடுத்துவிட்டு, அலுவலகக் கோப்பில் மட்டும் ஒன்றை வைத்துக்கொள்ள வேண்டும்.